பதில் தெரிந்தும் கேள்வி கேட்கிற வேலை

ஆடி முடித்துவிட்டு டிவிக்கு வருகிறவர்களுக்கு ஸ்டுடியோவில் இரண்டு வகை நாற்காலி உண்டு. ஒன்று பதில் சொல்கிறவருக்கு, அவர் எக்ஸ்பர்ட். இன்னொன்று கேள்வி கேட்கிறவருக்கு, அவர் தொகுப்பாளர். கபடியில் மாநில அணி வரை ஆடி, தோள்பட்டை இரண்டு முறை விலகியதும் ஆட்டத்தை நிறுத்திய எனக்குக் கிடைத்தது இரண்டாவது நாற்காலி. முதல் நாற்காலிக்கு இந்திய அணி ஜெர்சி போட்டவர்கள் இருந்தார்கள், அது நியாயமும்கூட. இந்த வேலைக்கு வர நினைக்கிற விளையாட்டுக்காரர்கள், முக்கியமாகப் பெண் பிள்ளைகள், அடிக்கடி விசாரிக்கிறார்கள். அவர்களிடம் துண்டு துண்டாகச் சொன்னதை ஒரே இடத்தில் எழுதி வைக்கிறேன்.

முதலில், காலம் கை கொடுத்தது. ஸ்டார் ஸ்போர்ட்ஸ் தமிழ் சேனல் வந்தது 2017-ல். அதே ஆண்டு புரோ கபடி லீக்கில் 8 அணிகள் 12 ஆயின, தமிழ் தலைவாஸ் அணியும் களம் இறங்கியது. திடீரென்று தமிழில் கபடி பேசத் தெரிந்தவர்களைத் தேட ஆரம்பித்தார்கள். கிரிக்கெட்டுக்கு ஆள் பஞ்சமே இல்லை, கபடிக்கு இருந்தது. நான் அப்போது ஒரு தனியார் பள்ளியில் பி.டி. டீச்சர். ஊர்ப் போட்டி ஒன்றில் நான் மைக் பிடித்த வீடியோவை யாரோ அனுப்பி, யாரோ பார்த்து, ஒரு சேனலிலிருந்து ஆடிஷனுக்குக் கூப்பிட்டார்கள். பெரிய ஆட்டங்களை விட்டுவிட்டு உங்கள் ஆட்டத்தைப் பிடித்துக்கொள்ளுங்கள் என்று நான் இன்றும் சொல்வதற்கு இதுதான் காரணம். வாலிபாலோ சிலம்பமோ, அதைத் தெளிவாகத் தமிழில் பேசத் தெரிந்தவர் குறைவு என்றால், வாய்ப்பு வருகிற அன்று வரிசை சின்னதாக இருக்கும்.

ஆடிஷனில் ஒரு ரெய்டை, அதாவது ஒருவர் எதிரணிப் பக்கம் பாடிப் போவதை, காட்டினார்கள். எதிரணியில் ஐந்து பேர்தான் நிற்கிறார்கள். பாடிப் போகிற ரைடர், தாண்டினால் கூடுதல் புள்ளி தருகிற போனஸ் கோடு பக்கமே போகாமல் திரும்பி வருகிறார். “இதைப் பத்தி எக்ஸ்பர்ட்கிட்ட என்ன கேப்பீங்க?” என்றார் புரோட்டியூசர். போனஸ் புள்ளி கிடைக்க எதிரே குறைந்தது ஆறு பேர் இருக்க வேண்டும், அதனால்தான் ரைடர் முயலவில்லை என்றேன். “நீங்க சொல்லிட்டா அவர் எதுக்கு அங்க உக்காந்திருக்கார்?” என்று சிரித்தார். பிறகு அவரே ஒரு கேள்வியைச் சொன்னார்: “அஞ்சு பேர்தான் நிக்கிறாங்க, களம் காலியா இருக்கு. போனஸ் எடுக்க இதுதானே சுலபமான நேரம், ஏன் விட்டுட்டார்?” வீட்டில் உட்கார்ந்து பார்க்கிற பாட்டிக்கு வருகிற சந்தேகம் அப்படியே அதில் இருந்தது. விதி தெரிந்தவளுக்கு அந்தச் சந்தேகம் வராது. வராத சந்தேகத்தை வரவழைத்துக் கேட்பதற்குத்தான் சம்பளம்.

ஆடியவர்களுக்கு இந்த வேலையில் கடினமான பகுதி இதுதான் என்பது என் கருத்து. பேச்சு வந்துவிடும், கேமரா பயமும் போய்விடும். தெரிந்த பதிலை நாக்கு நுனியில் வைத்துக்கொண்டு சும்மா இருப்பது மட்டும் லேசில் வராது. அதில் ஒரு கௌரவப் பிரச்சினையும் இருக்கிறது. ஒன்றும் தெரியாதவள் மாதிரி கேட்டால், “இவ எங்க கபடி ஆடியிருக்கப் போறா” என்று ஊரில் சொல்வார்களே என்ற எண்ணம். சொன்னார்கள்தான்.

எனக்குத் தெளிவு தந்தவர் காரி லினேக்கர். பிபிசியின் ‘மேட்ச் ஆஃப் தி டே’ கால்பந்து நிகழ்ச்சியை 1999 முதல் 2025 வரை தொகுத்தவர். இங்கிலாந்துக்காக 48 கோல் அடித்தவர், 1986 உலகக் கோப்பையில் அதிக கோல் அடித்தவரும் அவரே. பக்கத்து நாற்காலியில் பல ஆண்டுகள் இருந்த ஆலன் ஷியரர் இங்கிலாந்துக்கு அடித்தது 30. அந்த 48, இந்த 30-ஐப் பார்த்து, ‘ஸ்ட்ரைக்கர் அந்த இடத்தில் ஏன் நின்றார்?’ என்ற மாதிரி கேட்டுவிட்டு அமைதியாக இருக்கும். யூடியூபில் பழைய துணுக்குகள் கிடைத்தால் சத்தத்தைக் குறைத்து, அவர் முகத்தை மட்டும் பாருங்கள். பதில் வரும்போது தலையாட்டுகிற விதத்திலேயே, ஆடியவர் கேட்கிறார் என்பது தெரியும். ஆட்ட அறிவைக் காட்ட அந்த அளவு இடம் போதும்.

சரி, கேள்வி எப்படிக் கேட்பது? ‘எப்படி இருந்தது’, ‘எப்படி உணர்கிறீர்கள்’ இரண்டையும் நான் நோட்டிலேயே அடித்து வைத்திருக்கிறேன். இவற்றுக்கு வருகிற பதில் எல்லாருக்கும் ஒன்றுதான்: டீம் எஃபர்ட், கோச்சுக்கு நன்றி, அடுத்த மேட்ச்சில் கவனம். ஒரு குறிப்பிட்ட கணத்தைப் பிடித்துக் கேளுங்கள். “கடைசி மூணு நிமிஷத்துல லெஃப்ட் கார்னர் ரெண்டு தடவை முன்கூட்டியே பாஞ்சார். அது பிளானா, அவசரமா?” லெஃப்ட் கார்னர் என்றால் இடது ஓரத்தில் நிற்கிற தடுப்பாட்டக்காரர். இப்படிக் கேட்டால் எக்ஸ்பர்ட்டின் முதுகு நிமிரும். கேள்வியிலேயே பாதிப் பதிலைத் திணித்து, ‘சரிதானே?’ என்று முடிக்காதீர்கள். அவர் ‘ஆமா’ என்று சொல்லிவிட்டால் நேரலையில் அடுத்து என்ன செய்வது?

ஆட்டம் முடிந்த உடனே மைக்கை நீட்டுகிற வேலை வேறு மாதிரி. நாற்பது நிமிடம் ஆடிவிட்டு வருகிறவருக்கு மூச்சு வாங்கும். முதல் கேள்வியைக் கொஞ்சம் நீளமாகவே கேளுங்கள். ஸ்கோரைச் சொல்லி, எதிரணியின் பெயரைச் சொல்லி, அவருடைய ஒரு ரெய்டை நினைவுபடுத்தி, அப்புறம் கேள்விக்கு வாருங்கள். அந்தப் பத்து நொடியில் அவருக்கு மூச்சு திரும்பிவிடும். தோற்றவரிடம் தோல்வியைப் பற்றிக் கேட்காமல் ஒரு முடிவைப் பற்றிக் கேட்பது என் வழக்கம். புள்ளி எடுத்தே தீர வேண்டிய டூ ஆர் டை ரெய்டுக்கு ஏன் அவரை அனுப்பினீர்கள், நடுவர் முடிவை எதிர்த்துக் கேட்கிற ரிவியூவை ஏன் கையில் வைத்துக்கொண்டீர்கள், இப்படி. தோற்ற அணியில் நின்றவர்களுக்குத் தெரியும்: அனுதாபமாகக் கேட்கிற கேள்விக்குத்தான் அழுகை வரும், ஆட்டத்தைப் பற்றிய கேள்விக்குப் பதில் வரும்.

அடுத்தது காது. இதைப் பற்றி வெளியே யாரும் பேசுவதில்லை. நீங்கள் பேசிக்கொண்டிருக்கும்போதே காதில் ஒரு குரல் ஓடிக்கொண்டிருக்கும். பிசிஆர் என்கிற கட்டுப்பாட்டு அறையிலிருந்து டைரக்டர் பேசுவார்: “ரிப்ளே ரெடி… அவரைச் சுருக்கச் சொல்லுங்க… பிரேக்குக்கு இருபது… பத்து, ஒன்பது, எட்டு…” பூஜ்யம் வரும்போது உங்கள் வாக்கியம் முடிந்திருக்க வேண்டும். முன்னால் முடித்தால் மௌனம் தொங்கும், பின்னால் முடித்தால் விளம்பரம் உங்களைப் பாதியில் வெட்டிவிடும். கபடியில் இதன் நெருக்கடி அதிகம். கிரிக்கெட்டில் ஓவருக்கு ஓவர் மூச்சு விடலாம். கபடியில் ஒரு ரெய்டு 30 நொடி, முடிந்ததும் எதிரணி ரெய்டு. ஸ்டுடியோவுக்குக் கிடைப்பது முக்கியமாக இடைவேளை ஐந்து நிமிடம்தான். விளம்பரங்கள், ஸ்பான்சர் பெயர் வாசிப்பு, இரண்டு ரிப்ளே போக உண்மையில் பேசக் கிடைப்பது இரண்டு நிமிடம் இருந்தால் பெரிது. அதற்குள் இரண்டு எக்ஸ்பர்ட்டுக்கும் சமமாக வாய்ப்புத் தர வேண்டும். ஒருவர் கூடுதலாகப் பேசிவிட்டால் இன்னொருவர் முகம் அடுத்த இடைவேளை வரை சரியாகாது.

இதற்கு வீட்டில் நான் செய்த பயிற்சி ரொம்ப சாதாரணமானது. நான் தினத்தந்தியின் விளையாட்டுப் பக்கத்தைச் சத்தமாக வாசிப்பேன். தம்பி என் காதருகே இருபதிலிருந்து கீழே எண்ணுவான். அவன் பூஜ்யம் சொல்லும்போது நான் வாக்கியத்தை முடித்திருக்க வேண்டும், அதுவும் அவசரமாக முடித்தது போலத் தெரியாமல். பிறகு அவன் நடுவில் கேள்வி கேட்பான், அம்மா கடைக்குப் போகச் சொல்வாள். எதற்கும் தலையைத் திருப்பாமல் வாசிக்க வேண்டும். கொஞ்ச நாளில் காது ஒரு வேலையும் வாய் ஒரு வேலையும் தனித்தனியாகச் செய்யப் பழகிவிடும். ரைடருக்கு இது அவ்வளவு புதிதும் இல்லை. வாய் ‘கபடி கபடி’ என்று பாடிக்கொண்டிருக்க, கண் கார்னரைப் பார்க்க, கால் கோட்டைத் தேடுகிற ஆட்டம்தானே அது.

இயர்பீஸ் சில நாள் செத்துவிடும். அது உங்கள் தலைவிதி. ஸ்டுடியோவுக்குள் நின்று சைகை காட்டுகிற ஃப்ளோர் மேனேஜரின் கையைப் பார்க்கப் பழகுங்கள். நிகழ்ச்சி தொடங்குவதற்கு முன் ரன்டவுனை, அதாவது எந்தப் பகுதிக்குப் பின் எது, எத்தனை நிமிடம் என்கிற தாளை, மனப்பாடமாக வைத்திருந்தால் காது செத்த நாளிலும் பிழைத்துக்கொள்ளலாம். வாசிக்க வேண்டியதைத் திரையில் ஓட்டுகிற டெலிபிராம்ப்டரை நம்பி வந்தவர்கள் நேரலையில் திணறுவதைப் பார்த்திருக்கிறேன். கபடிக்கு அதை நான் தொடக்க வணக்கத்துக்கு மட்டும்தான் பயன்படுத்துகிறேன்.

ஆடியவர்களுக்கு வீட்டுப்பாடம் வேண்டாம் என்று ஒரு நினைப்பு உண்டு. நான் ஆடிய களம் 12 மீட்டருக்கு 8. ஆண்கள் களம் 13-க்கு 10. கேட்கச் சின்ன வித்தியாசம். ஆனால் ரைடருக்கும் கார்னருக்கும் இடையே உள்ள இடம், நடுப்பக்கம் நிற்கிற கவர் தடுப்பாட்டக்காரர் வந்து சேர எடுக்கிற நேரம் எல்லாம் மாறிவிடும். என் கண் சின்னக் களத்துக்குப் பழகிய கண். பழைய ஆட்டங்களை உட்கார்ந்து பார்த்து அதைத் திருத்திக்கொள்ள ஒரு சீசன் பிடித்தது. அதோடு, பெரும்பாலான நாள் நாம் அரங்கில் இருப்பதே இல்லை. ஆட்டம் பாட்னாவிலோ ஜெய்ப்பூரிலோ நடக்கும், நாம் மும்பை ஸ்டுடியோவில் மானிட்டரைப் பார்த்துப் பேசுவோம். கேமரா காட்டாததை நாமும் பார்க்க முடியாது. பெஞ்சில் யார் உட்கார்ந்திருக்கிறார், கோச் என்ன சைகை செய்தார் என்பதெல்லாம் வேண்டுமென்றால் அரங்கில் இருக்கிற நமது ஆளுக்கு முன்பே போன் போட்டுச் சிநேகம் பிடித்து வைத்திருக்க வேண்டும்.

எண்கள் விஷயத்தில் எனக்குக் கறாரான கருத்து உண்டு. சொல்வதற்கு ஒரு காரணம் இல்லாவிட்டால் எண்ணைச் சொல்லக் கூடாது. 2019 அக்டோபரில் ஹரியானா ஸ்டீலர்ஸுக்கு எதிராக பெங்களூரு புல்ஸின் பவன் ஷெராவத் ஒரே ஆட்டத்தில் 39 புள்ளி எடுத்தார். ‘39 புள்ளி, சாதனை’ என்றால் புதிதாகப் பார்க்கிறவருக்கு ஒன்றும் புரியாது. அன்று ஹரியானா அணி மொத்தமாகச் சேர்ந்து எடுத்ததே 36 என்று சொல்லுங்கள். அவ்வளவுதான், வேறு விளக்கம் தேவையில்லை. சேனலில் புள்ளிவிவரக்காரர்கள் தருகிற தாளில் ஐம்பது எண் இருக்கும். அதில் மூன்றைத்தான் எடுத்துக்கொள்வேன்.

தமிழ் ரசிகர்களுக்குத் தொகுப்பதில் தனிச் சங்கடம் ஒன்று இருந்தது. தமிழ் தலைவாஸ் முதல் சில சீசன்களில் பட்டியலின் அடியிலேயே கிடந்தது. அஜய் தாக்கூர் போன்ற பெரிய ரைடர் இருந்தும் அதே நிலைதான். தினமும் ‘ஏன் தோற்றோம்?’ என்று ஆரம்பித்தால் எத்தனை நாள்தான் ஓட்டுவது? அப்போது நான் கண்டுபிடித்த வழி, எதிரணியைப் பற்றிப் பேசுவது. அவர்கள் எப்படி ஜெயித்தார்கள் என்று கேட்டால் நம்முடைய ஓட்டை தானாகத் தெரிந்துவிடும், யாரையும் திட்டவும் வேண்டாம். 2022-ல் அந்த அணி முதல்முறையாக அரையிறுதிக்குப் போய் புனேரி பல்தானிடம் இரண்டே புள்ளியில், 37-39 என்று தோற்றது. ஸ்டுடியோவில் எல்லாருக்கும் தொண்டை அடைத்தது. எனக்கும்தான். ஆனால் தொகுப்பாளர் அழுதால் எக்ஸ்பர்ட் ஆறுதல் சொல்ல ஆரம்பித்துவிடுவார், நிகழ்ச்சி போய்விடும்.

2018 ஜகார்த்தா ஆசிய விளையாட்டுக்குப் பிறகு ஒரு செய்திச் சேனல் விவாதத்துக்குக் கூப்பிட்டார்கள். ஆண்கள் அணி அரையிறுதியில் ஈரானிடம் தோற்றிருந்தது. பெண்கள் அணி இறுதிப் போட்டியில் அதே ஈரானிடம் 24-27. பெண்கள் கபடி ஆடியவளுக்கு அது எப்படிப்பட்ட வாரம் என்று சொல்ல வேண்டியதில்லை. விவாதத்தை நடத்தியவர் எடுத்த எடுப்பிலேயே “இது தேசிய அவமானம்தானே?” என்றார். நான் வேறு பக்கம் இழுக்கப் பார்த்தேன். ஈரான் பெண்கள் அணியின் பயிற்சியாளர் ஷைலஜா ஜெயின், நம் மகாராஷ்டிரக்காரர். அவர் அங்கே போய் என்ன மாற்றினார் என்று கேட்டால் ஒரு மணி நேரம் பேசலாம். விடவில்லை, கத்தலாகவே முடிந்தது. பதில் சொல்கிற நாற்காலியில் உட்கார்ந்து பார்த்தால்தான் மோசமான கேள்வி எவ்வளவு கொடுமை என்று உறைக்கிறது.

கூப்பிடுகிற முறையையும் சொல்லிவிடுகிறேன். எக்ஸ்பர்ட்டில் பாதிப் பேர் எனக்குச் சின்ன வயதிலிருந்தே ‘அண்ணா’. ஒருவர் எனக்குப் பயிற்சி தந்த ‘மாஸ்டர்’. திரையில் ‘அண்ணா’ ஓடும், தமிழ் வீடுகளுக்கு அது இயல்பாகவே இருக்கிறது. ஆனால் ஒருவரை அண்ணா என்றும் இன்னொருவரை சார் என்றும் கூப்பிட்டால் பார்க்கிறவர்கள் உடனே கட்சி பிரித்துவிடுவார்கள். எல்லாரையும் பெயரோடு அண்ணா என்று வைத்துக்கொண்டேன். மாஸ்டரிடம் முன்கூட்டியே சொல்லிவிட்டேன். “என்னமோ கூப்பிடு, கேள்விய ஒழுங்காக் கேளு” என்றார். ஆடுகிற வீரர்களிடம் நட்பு வேறு, மைக் வேறு. காயம் பற்றி வாட்ஸ்அப்பில் நண்பராகச் சொன்னதைக் காற்றில் விட்டால், அடுத்த சீசனில் ஒருவரும் உங்களிடம் வாய் திறக்க மாட்டார்கள்.

பேசாமல் இருப்பதற்கும் பயிற்சி வேண்டும். அதற்கு கிரிக்கெட் வர்ணனையாளர் ரிச்சி பெனோவைவிட நல்ல ஆசிரியர் இல்லை. ஆஸ்திரேலியாவுக்கு லெக் ஸ்பின் போட்டுக்கொண்டிருந்த காலத்திலேயே, 1956 இங்கிலாந்துச் சுற்றுப்பயணம் முடிந்ததும் லண்டனில் தங்கி பிபிசியில் பயிற்சி எடுத்தவர். கேப்டன் ஆனதே அதற்குப் பிறகுதான். படத்தில் இல்லாத ஒன்றைச் சேர்க்க முடிந்தால் மட்டும் பேச வேண்டும் என்பது அவர் கடைப்பிடித்த வழி. இன்னும் ஆடிக்கொண்டிருக்கிறவர்கள் கவனிக்க வேண்டியது அந்த ஆண்டை. காயம் வந்த பிறகு யோசிக்கலாம் என்று தள்ளிப் போடாதீர்கள். ஆடும்போதே ஒரு மைக் வாங்கி வைத்துக்கொள்ளுங்கள்.

குரல், உடை பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. ரைடருக்கு மூச்சு உண்டு, ஆனால் களத்தில் கத்திக் கத்தி அடித்தொண்டையிலிருந்து பேசுகிற பழக்கம் வந்திருக்கும். அதை வயிற்றுக்கு இறக்க வேண்டும், இல்லாவிட்டால் மூன்றாவது நாளே குரல் கட்டிக்கொள்ளும். பின்னால், வேறு படத்தைப் பொருத்துவதற்கான பச்சைக் குரோமா திரை இருந்தால் பச்சை உடுத்தக் கூடாது. நெருக்கமான கோடு போட்ட துணி கேமராவில் நெளியும். பெண்களுக்கு மேக்கப் அறையில் கூடுதலாக ஒரு மணி நேரம் போகும், அந்த நேரத்தில்தான் நான் அணிப் பட்டியலைப் படிப்பேன். புருவத்தில் பழைய தழும்பு ஒன்று உண்டு. மறைக்க வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். நாம் என்ன உடுத்தினோம், எவ்வளவு கறுப்பு என்று கீழே கமெண்டு எழுதுகிறவர்கள் எழுதிக்கொண்டே இருப்பார்கள். சீசன் முடிகிற வரை அந்தப் பக்கம் போகாதீர்கள்.

இனி காசு. டிவியில் முகம் தெரிந்தால் மாதச் சம்பளம் வருகிறது என்று சொந்தக்காரர்கள் நினைப்பார்கள். பெரும்பாலும் நாள் கணக்கு. கபடி சீசன் இரண்டு மூன்று மாதம்தான். மீதி மாதங்களுக்கு வேறு வழி பார்க்க வேண்டும். பில் கொடுத்து, பணம் கைக்கு வர இரண்டு மூன்று மாதம் ஆவது சகஜம். பத்து சதவீதம் டிடிஎஸ், அதாவது வருமான வரிக்காக முன்கூட்டிய பிடித்தம், பிடித்துக்கொண்டுதான் தருவார்கள். ரிட்டர்ன் தாக்கல் செய்தால்தான் அதில் திரும்ப வரவேண்டியது வரும். நிறையப் பேர் இதைத் தெரியாமலே விட்டுவிடுகிறார்கள். ஆண்டு வருமானம் 20 லட்சத்தைத் தாண்டினால் ஜிஎஸ்டி பதிவு வேண்டும். ஒப்பந்தத்தில் வேறு சேனலிலோ யூடியூபிலோ பேசக் கூடாது என்று எழுதியிருந்தால், அது சீசன் வரைக்குமா ஆண்டு முழுவதுமா என்று கேட்டு எழுதி வாங்குங்கள். விளையாட்டு ஒதுக்கீட்டில் ரயில்வே, போலீஸ் வேலையில் இருப்பவர்கள் துறையின் முன்அனுமதி இல்லாமல் கேமரா முன் உட்காரவே வேண்டாம். அந்த வேலையை இதற்காக விடவும் வேண்டாம். நான் டீச்சர் வேலையை விட்டேன், ஆனால் அந்தப் பள்ளியில் எனக்குக் கொடுத்த சம்பளத்துக்கு அது பெரிய தியாகம் ஒன்றுமில்லை.

ஆடிஷன் எங்கே நடக்கிறது என்று கேட்காதீர்கள், எனக்கே முன்கூட்டித் தெரிவதில்லை. உங்கள் ஊரில் பொங்கலுக்கோ கோயில் திருவிழாவுக்கோ கபடிப் போட்டி நடக்கும். விழாக் குழுவிடம் போய் ஒரு ராத்திரி மைக்கைக் கேட்டு வாங்குங்கள். அங்கே பரிசு கொடுத்தவர் பெயரும், அடுத்து ஆட வேண்டிய அணியின் பெயரும், பைக்கை எடுக்கச் சொல்லும் அறிவிப்பும் நடுவில் வரும்; ஆட்டமும் ஓடிக்கொண்டிருக்கும். நேரலையில் இருக்கிற அத்தனை தொல்லையும் அங்கே உண்டு. போனில் பதிவு செய்து மறுநாள் கேளுங்கள். எத்தனை இடத்தில் கேள்வி கேட்டிருக்கலாம், நீங்களே பதில் சொல்லிவிட்டீர்கள் என்று குறித்துக்கொள்ளுங்கள். பிறகு அதே ஊரில் பழைய ஆட்டக்காரர் ஒருவரைப் பக்கத்தில் உட்கார வைத்து, அடுத்த ஆட்டம் முழுக்க அவரைப் பேச வையுங்கள். வீடியோவை யாருக்காவது அனுப்புவதாக இருந்தால் அந்த இரண்டாவதை அனுப்புங்கள்.